எழுத்தைக் காக்கத் தயாரிப்பாளரானவர்

அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடர்களில் கதை எழுதுபவரே தலைமைத் தயாரிப்பாளராகவும் இருப்பது இன்று வழக்கம். 1950களில் நிலைமை வேறு. எழுத்தாளர் ஸ்கிரிப்டை எழுதிக் கொடுப்பார், பணத்தை வாங்கிக்கொள்வார். அத்தோடு அவர் பேச்சு முடிந்தது. ஒரு வரி நிற்பதா போவதா என்பதை விளம்பரதாரரும் அவருடைய விளம்பர ஏஜென்சியும் ஒளிபரப்பு நிறுவனமும் கூடி முடிவு செய்தார்கள். அந்த ஏற்பாட்டுக்குள்ளேயே பெயரெடுத்து, அதனாலேயே புண்பட்டு, கடைசியில் தன் எழுத்தைக் காப்பாற்றிக்கொள்ளத் தயாரிப்பு நிறுவனம் தொடங்கியவர் ராட் செர்லிங். அவருடைய தொழில்வாழ்க்கை நீடித்தது 25 ஆண்டுகள்தான். திரைக்கும் தொலைக்காட்சிக்கும் எழுதுகிற எவரும் அதைப் படித்துப் பார்க்க வேண்டும்.

செர்லிங் 1924 டிசம்பர் 25 அன்று நியூயார்க் மாநிலத்தின் சிரக்யூஸ் நகரில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தார். வளர்ந்தது அதே மாநிலத்தின் பிங்காம்டனில். 1943இல் பள்ளிப் படிப்பை முடித்த கையோடு ராணுவத்தில் சேர்ந்தார். பாராசூட் காலாட்படையின் 511ஆவது ரெஜிமென்டில் இருந்து, பிலிப்பைன்ஸின் லெய்டே தீவிலும் மணிலாவிலும் போரிட்டார், காயம்பட்டார். விமானத்திலிருந்து போடப்பட்ட உணவுப் பெட்டி மேலே விழுந்து நண்பர் ஒருவர் அவர் கண்முன்னே இறந்தார். 1945இல் ஊரில் தந்தை மாரடைப்பில் காலமானபோது ராணுவப் பணியிலிருந்த மகனால் இறுதிச் சடங்குக்கு வர முடியவில்லை. காரணமின்றி வரும் சாவு, திரும்பிப் போக முடியாத ஊர் என்ற இரண்டும் அவர் எழுத்தில் ஓயாமல் வருவதற்கு இந்த மூன்று ஆண்டுகளே வேர். ராணுவத்தில் குத்துச்சண்டையும் பழகினார். அதுவும் பின்னால் கதையாயிற்று.

போர் முடிந்ததும் அரசு தந்த கல்வி உதவியுடன் ஒஹையோ மாநிலத்தின் ஆன்டியோக் கல்லூரியில் சேர்ந்தார். முதலில் உடற்கல்வி, பிறகு இலக்கியம். கல்லூரி வானொலிக்கு நாடகங்கள் எழுதி, இயக்கி, நடித்தார். கைச்செலவுக்குப் புதுவகைப் பாராசூட்டுகளைச் சோதித்துப் பார்க்கக் குதிக்கும் வேலையும் செய்தார். 1950இல் பட்டம் பெற்றதும் சின்சினாட்டியின் டபிள்யூஎல்டபிள்யூ வானொலி நிலையத்தில் எழுதும் வேலை கிடைத்தது. பகலில் விளம்பர வாசகங்கள், பாராட்டு உரைகள். இரவில் சொந்த ஸ்கிரிப்டுகள். அனுப்பியவற்றில் பெரும்பாலானவை திரும்பி வந்தன. ஆனாலும் இந்தக் காலத்தை வீணென்று தள்ள முடியாது. முப்பது விநாடிக்குள் ஒரு விஷயத்தைக் கேட்பவர் மனத்தில் பதிக்கும் வித்தையை அவருக்குக் கற்றுக்கொடுத்தது விளம்பர எழுத்து. பிற்காலத்தில் அவர் எழுதிய முன்னுரைகளின் கச்சிதம் அங்கே பழகியதுதான். 1952 வாக்கில் வேலையை விட்டுவிட்டு முழுநேர எழுத்தாளரானார்.

அன்றைய தொலைக்காட்சி நாடகம் எப்படி இயங்கியது என்று தெரிந்தால்தான் அவருடைய வளர்ச்சி விளங்கும். 'கிராஃப்ட் டெலிவிஷன் தியேட்டர்', 'ஸ்டுடியோ ஒன்' போன்ற நிகழ்ச்சிகள் வாரந்தோறும் ஒரு புது நாடகத்தை நேரலையாக ஒளிபரப்பின. ஒரே ஸ்டுடியோவுக்குள் நாலைந்து செட்டுகள் அடுத்தடுத்து நிற்கும். ஒரு காட்சி முடியும் முன்பே அடுத்த செட்டுக்குக் கேமரா நகர வேண்டும். நடிகர் சட்டை மாற்றிக்கொண்டு ஓடி வருவதற்கு நேரம் கொடுக்க, வேறு இருவர் பேசும் சிறு காட்சியை எழுத்தாளர் இடையில் வைத்தாக வேண்டும். வெளிப்புறக் காட்சி, கூட்டம், துரத்தல் எல்லாம் அநேகமாக இயலாதவை. எஞ்சியது ஓர் அறை, சில முகங்கள், வசனம். இந்த நெருக்கடியே ஒரு தலைமுறை எழுத்தாளர்களை வளர்த்தது. பாடி சயெஃப்ஸ்கி, ரெஜினால்ட் ரோஸ், ஹார்டன் ஃபூட் ஆகியோர் செர்லிங்கின் சமகாலத்தவர்கள். மனிதர்களை ஓர் அறைக்குள் அடைத்து, அவர்கள் மனச்சாட்சியோடு மோதவிடுவதில் செர்லிங்குக்கு இயல்பான திறமை இருந்தது. மற்றவர்களுக்குத் தடையாயிருந்த நான்கு சுவர்கள் அவருக்கு வசதியாக அமைந்தன.

1955 ஜனவரி 12 அன்று கிராஃப்ட் நிகழ்ச்சியில் அவருடைய 'பேட்டர்ன்ஸ்' ஒளிபரப்பானது. பெரிய நிறுவனமொன்றில் வயதான அதிகாரியை அவமானப்படுத்தியே வெளியேற்றப் பார்க்கிறார் முதலாளி. அந்த இடத்துக்கென்று அழைத்துவரப்பட்ட இளைஞன் இதைக் கண்டு துடிக்கிறான், ஆனால் பதவியையும் விட மனமில்லை. கெட்டவனென்று யாரையும் தனியே நிறுத்தாமல், வேலை என்ற ஏற்பாடே மனிதனை என்ன செய்கிறது என்று கேட்டது நாடகம். விமர்சகர்கள் கொண்டாடினார்கள். மக்கள் மறுபடி பார்க்க விரும்பினார்கள். அன்று மறு ஒளிபரப்பு என்றால் பதிவு நாடாவை ஓட்டிவிடும் வேலையல்ல; திரையைப் படமெடுத்து வைக்கும் முறை இருந்தாலும் அதன் தரம் மங்கலானது. எனவே நடிகர்கள் மீண்டும் கூடி, பிப்ரவரி 9 அன்று முழு நாடகத்தையும் நேரலையில் இன்னொரு முறை நடித்தார்கள். நேரலை நாடகத்துக்கு இப்படி ஒரு வரவேற்பு மிக அரிது. 'பேட்டர்ன்ஸ்' செர்லிங்குக்கு முதல் எம்மி விருதையும் பெற்றுத் தந்தது. அடுத்த ஆண்டு அவரே திரைக்கதை எழுதிச் சினிமாவாகவும் வந்தது.

1956 அக்டோபர் 11 அன்று சிபிஎஸ் நிறுவனத்தின் 'பிளேஹவுஸ் 90' வரிசையில் 'ரெக்வியம் ஃபார் எ ஹெவிவெயிட்' வந்தது. இனி மேடையேறினால் கண் போய்விடும் என்று மருத்துவர் நிறுத்திவிட்ட குத்துச்சண்டைக்காரனின் கதை. ஜாக் பேலன்ஸ் நடித்தார். சண்டையைத் தவிர எதுவும் தெரியாத ஒருவன் வேலை தேடிப்போய் உட்காரும் காட்சியில் செர்லிங்கின் முழு பலமும் தெரியும். குத்துச்சண்டை மேடையின் பக்கமே போகாமல், அதன் வலி முழுவதையும் வேலைவாய்ப்பு அலுவலகத்தின் மேசைக்கு இந்தப்புறம் கொண்டுவந்து வைத்துவிட்டார். எம்மியோடு பீபாடி விருதும் கிடைத்தது. அவருடைய மிகச் சிறந்த தனி நாடகம் இதுதான் என்று சொல்வதில் தயக்கம் தேவையில்லை.

புகழ் வந்த இதே ஆண்டுகளில்தான் வெட்டுகளும் வந்தன. சில அற்பமானவை. சிகரெட் லைட்டர் விற்கும் நிறுவனம் விளம்பரதாரராக இருந்ததால் தீப்பெட்டி கேட்கும் வசனம் நீக்கப்பட்டதையும், நியூயார்க் பின்னணிப் படத்திலிருந்து கிரைஸ்லர் கட்டடம் போட்டிக் கார் நிறுவனத்துக்காக அழிக்கப்பட்டதையும் செர்லிங்கே பதிவு செய்திருக்கிறார். இவற்றைப் பொறுத்துக்கொள்ளலாம். பொறுக்க முடியாதது வேறு.

1955 ஆகஸ்டில் மிசிசிப்பி மாநிலத்தில் எம்மெட் டில் என்ற 14 வயதுக் கறுப்பினச் சிறுவன் கொல்லப்பட்டான். குற்றம் சாட்டப்பட்ட இரு வெள்ளையர்களையும் ஜூரி விடுவித்தது. கொலைகாரனைத் தங்கள் ஆள் என்பதாலேயே காக்கும் ஓர் ஊரைப் பற்றி செர்லிங் எழுத முனைந்தார். 'நூன் ஆன் டூம்ஸ்டே' என்ற அந்த ஸ்கிரிப்டில் அவர் முதலிலேயே சிறுவனின் இனத்தை மாற்றி, வேறொரு பாத்திரமாக்கித்தான் கொடுத்தார். டில் வழக்கோடு அதற்கு உறவுண்டு என்ற செய்தி வெளியே வந்ததும் தெற்கிலிருந்த வெள்ளை இனவாத அமைப்புகள் புறக்கணிப்பு மிரட்டல் விடுத்தன. அவ்வளவுதான், கதைக்களம் வடகிழக்கின் நியூ இங்கிலாந்துக்குப் போனது, கொல்லப்பட்டவன் பெயரில்லாத அந்நியனானான், தென்பகுதியை நினைவூட்டும் என்று கோக்கோ-கோலா பாட்டில்கள்கூட செட்டிலிருந்து எடுக்கப்பட்டன. 1956 ஏப்ரலில் அது ஒளிபரப்பானபோது சொல்ல வந்தது எதுவும் மிஞ்சவில்லை. செர்லிங் விடவில்லை. 1958இல் அதே கருவைப் பழைய தென்மேற்கு எல்லைப்புறத்துக்குக் கொண்டுபோய், கொல்லப்படுபவனை மெக்சிகோக்காரனாக்கி, 'எ டவுன் ஹேஸ் டர்ன்ட் டு டஸ்ட்' என்று எழுதினார். இம்முறை ஓரளவு உயிர் தப்பியது. காலத்தையும் இடத்தையும் தள்ளிவைத்தால் உண்மை பிழைக்கும் என்ற பாடம் அவருக்கு இங்கே கிடைத்தது. அமெரிக்க மேலவையைப் பற்றிய 'தி அரீனா' நாடகத்தில் எந்த நடப்பு விவகாரத்தையும் உறுப்பினர்கள் பேசக்கூடாது என்று தடுத்தபோது, அதை எதிர்கால நூற்றாண்டுக்கு நகர்த்தி உறுப்பினர்களை ரோபோக்களாக்கியிருந்தால் இதைவிட முதிர்ந்த நாடகம் கிடைத்திருக்கும் என்று எழுதினார். கசப்பில் வந்த அந்த யோசனையே அவருடைய அடுத்த பத்தாண்டுக்கு வழி காட்டியது.

முத்துத் துறைமுகத் தாக்குதலுக்கு முந்தைய நாளுக்குக் கனவில் திரும்பத் திரும்பப் போய்வரும் மனிதனைப் பற்றி 'தி டைம் எலிமென்ட்' என்ற ஸ்கிரிப்டை சிபிஎஸ்ஸிடம் விற்றார். அவர்கள் அதை அலமாரியில் வைத்துவிட்டார்கள். தேசிலு நிறுவனத்தின் நாடக வரிசைக்காக அதைத் தேடியெடுத்தவர் பெர்ட் கிரானெட் என்ற தயாரிப்பாளர். 1958 நவம்பர் 24 அன்று ஒளிபரப்பானதும் கடிதங்கள் குவிந்தன. சிபிஎஸ் உடனே மாதிரி எபிசோட் கேட்டது. செர்லிங் முதலில் எழுதிக் கொடுத்தது, அறுபது வயதானவர்களை அழித்துவிடும் சமுதாயத்தைப் பற்றிய கதை. இவ்வளவு இருட்டு வேண்டாம் என்றார்கள். பிடிவாதம் பிடிக்காமல், ஆளில்லாத ஊரில் தனியே அலையும் மனிதனின் கதையை எழுதினார். அதுதான் 1959 அக்டோபர் 2 அன்று, வாரம் ஒரு தனி விசித்திரக் கதை சொல்லும் 'தி ட்வைலைட் சோன்' தொடரின் முதல் எபிசோடாக வந்தது. எந்த இடத்தில் விட்டுக்கொடுத்தால் முழுக் கதவும் திறக்கும் என்று அறிந்து செய்த முடிவு அது.

தொடருக்காகத் தொடங்கிய நிறுவனத்துக்கு, குடும்பம் கோடைக்காலத்தைக் கழிக்கும் ஏரியின் பெயரால் கயூகா புரொடக்‌ஷன்ஸ் என்று பெயர் வைத்தார். உரிமையில் அவருக்குப் பங்கு, கதையில் இறுதிச் சொல் அவருடையது. இதற்கு ஈடாக முதல் ஆண்டின் ஸ்கிரிப்டுகளில் மிகப் பெரும்பகுதியை அவரே எழுதித் தர ஒப்புக்கொண்டார். ஐந்து ஆண்டுகளில் வந்த 156 எபிசோடுகளில் 92 அவர் எழுதியவை. மேசையில் உட்கார்ந்து தட்டச்சு செய்து இந்த எண்ணிக்கையை எட்ட முடியாது. குரல்பதிவுக் கருவியில் எல்லாப் பாத்திரங்களையும் நடித்தபடியே வசனங்களைச் சொல்லுவார். செயலாளர் தட்டச்சு செய்வார். அவர் வசனம் வாயில் எளிதாக வருவதற்கு இது ஒரு காரணம். பல பாத்திரங்கள் ஒரே தொனியில், செர்லிங்கைப் போலவே நீளமாகப் பேசுவதற்கும் இதுவே காரணம்.

அன்றாடத் தயாரிப்பைப் பக் ஹாட்டன் பார்த்துக்கொண்டார். முதல் மூன்று ஆண்டுகளின் தரத்தில் பாதிப் பங்கு இவருக்குரியது. படப்பிடிப்பு எம்ஜிஎம் ஸ்டுடியோவில் நடந்தது. ஒரு நாள் ஒத்திகை, மூன்று நாள் படப்பிடிப்பு என்பதே பெரும்பாலும் கணக்கு. பெரிய படங்களுக்காக அங்கே ஏற்கெனவே கட்டிவைத்த தெருக்களும் மாளிகைகளும் கிராமங்களும் சின்ன பட்ஜெட்டில் வாரம் ஓர் உலகத்தைப் படைக்க உதவின. செலவைக் குறைக்க இரண்டாம் ஆண்டில் ஆறு எபிசோடுகளை வீடியோ நாடாவில் எடுத்தார்கள். அந்தத் தட்டையான ஒளியை இன்று பார்த்தாலும் கண் உறுத்தும். வெளியாரிடமிருந்து ஸ்கிரிப்டுகளை வரவேற்றுப் பார்த்தார்கள். ஆயிரக்கணக்கில் வந்து குவிந்தன, தேறியவை அநேகமாக இல்லை. ஆகவே ரிச்சர்ட் மாத்திசன், சார்லஸ் போமான்ட், ஜார்ஜ் கிளேடன் ஜான்சன் போன்ற தொழில் தெரிந்தவர்களை நம்பினார்கள். மாத்திசனின் கதைகளில் இயந்திரம்போல் அச்சம் இறுகும். போமான்டிடம் கனவின் இருள் இருக்கும். நீதிக் கோபமும் ஊர் ஏக்கமும் செர்லிங்குக்கு உரியவை.

தொடர் தொடங்கும் முன் செய்தியாளர் மைக் வாலஸ் எடுத்த பேட்டியில், சர்ச்சையான விஷயங்களைத் தொடப்போவதில்லை என்பதுபோலப் பேசினார். தொலைக்காட்சியில் முக்கியமான எதையும் எழுதுவதைக் கைவிட்டுவிட்டாரா என்றே அவரிடம் கேட்கப்பட்டது. வந்த கதைகள் வேறு பதில் சொல்லின. 1960 மார்ச்சில் வந்த 'தி மான்ஸ்டர்ஸ் ஆர் டியூ ஆன் மேப்பிள் ஸ்ட்ரீட்' கதையில் ஒரு தெருவில் மின்சாரம் நின்றுபோகிறது. வேற்றுக்கிரகவாசிகள் யார் வீட்டில் ஒளிந்திருக்கிறார்கள் என்ற சந்தேகம் அண்டை வீட்டாரை ஒருவர்மேல் ஒருவர் பாய வைக்கிறது. மெக்கார்த்தி காலத்துக் கம்யூனிஸ்ட் வேட்டையை நினைவில் வைத்திருந்த அமெரிக்கர்களுக்கு விளக்கம் தேவைப்படவில்லை. 'ஐ ஆஃப் தி பிஹோல்டர்' கதையில் கட்டுப் போட்ட முகத்தோடு ஒரு பெண் படுத்திருக்கிறாள். சுற்றி நிற்கும் மருத்துவர்கள் யார் முகமும் கடைசிவரை காட்டப்படாது. அழகு, ஒரேமாதிரியாக இருக்க வேண்டிய கட்டாயம் என்ற பெரிய விவாதத்தைக் கேமரா வைக்கும் இடத்தின் வழியாகவே நடத்திய ஸ்கிரிப்ட் இது. எழுதும்போதே படமாக்கும் விதமும் முடிவாகியிருக்க வேண்டும். 'டெத்ஸ்-ஹெட் ரீவிசிட்டட்' முன்னாள் நாஜி அதிகாரியை டாக்காவ் முகாமுக்கே திரும்ப வரவழைத்தது. விளம்பரதாரர்கள் இவற்றை விட்டுவிட்டார்கள். அவர்கள் அக்கறை வேறிடத்தில் இருந்தது: கப்பல் அதிகாரி ஒருவர் தேநீர் கேட்பது காபி விற்பவருக்குப் பிடிக்காமல் மாற்றப்பட்டது இந்தத் தொடரில்தான்.

அரசியல் கதைகளைவிட மனத்தில் தங்குவது 'வாக்கிங் டிஸ்டன்ஸ்'. வேலையில் களைத்த ஒருவன் தான் பிறந்த ஊருக்கு நடந்து போகிறான். அங்கே தன்னையே சிறுவனாகவும் இறந்துபோன பெற்றோரை உயிரோடும் காண்கிறான். அந்த ஊரின் ராட்டினமும் இசை மண்டபமும் பிங்காம்டன் பூங்காவில் இருந்தவை. தந்தை மகனிடம் பேசும் காட்சியில், இறுதிச் சடங்குக்கு வர முடியாமற்போன அந்த மகனின் குரலைக் கேட்கலாம்.

ஒவ்வொரு எபிசோடின் தொடக்கத்திலும் முடிவிலும் வரும் அவருடைய உரை வெறும் அலங்காரம் அல்ல. அரைமணி நிகழ்ச்சியில் விளம்பரம் போகக் கிடைப்பது சுமார் 25 நிமிடம். பாத்திரம் யார், எங்கே நிற்கிறான், எது நெருங்குகிறது என்பதை நான்கைந்து வாக்கியங்களில் சொல்லிவிட்டால் மிச்ச நேரம் முழுவதும் நாடகத்துக்கு. முதல் ஆண்டில் பெரும்பாலும் குரல் மட்டும் வந்தது. இரண்டாம் ஆண்டிலிருந்து கறுப்பு சூட்டுடன் அவரே காட்சிக்குள் வந்து நின்றார். எழுத்தாளரின் முகம் நாடறிந்த முகமானது இப்படித்தான்.

நான்காம் ஆண்டில் எபிசோடை ஒரு மணி நேரமாக்கினார்கள். ஒரே திருப்பத்தை நம்பி நிற்கும் கதைகள் அந்த நீளத்தைத் தாங்கவில்லை. ஹாட்டன் விலகியிருந்தார். செர்லிங்கும் களைத்துப்போயிருந்தார், பழைய கருக்களே புது உடையில் வந்தன. ஐந்தாம் ஆண்டில் மறுபடி அரைமணியானாலும் பழைய ஒழுங்கு முழுதாகத் திரும்பவில்லை. 1964இல் தொடர் நின்றது. தன் பங்கை அவர் சிபிஎஸ்ஸுக்கே விற்றார். போட்ட செலவே திரும்பாது என்று அன்று கருதப்பட்டது. மறு ஒளிபரப்புகள் பல பத்தாண்டு ஓடிப் பெருவருவாய் தரப்போவதை யாரும் கணிக்கவில்லை. எழுத்தைக் காக்கத் தெரிந்தவருக்கு எழுத்தின் எதிர்கால மதிப்பைக் காக்கும் வழி அன்றைய தொழிலில் இருக்கவில்லை.

சினிமாவில் அவர் பெயர் சொல்லும் படங்கள் இரண்டு. ராணுவத் தளபதி ஒருவர் அமெரிக்க ஜனாதிபதியைக் கவிழ்க்கச் சதி செய்யும் 'செவன் டேஸ் இன் மே' 1964இல் வந்தது. ஜான் ஃபிராங்கன்ஹைமர் இயக்கினார். பூட்டிய அறைக்குள் பதவியும் மனச்சாட்சியும் மோதும் கதையாதலால் அது செர்லிங்கின் சொந்தப் பிரதேசம். 1968இல் வந்த 'பிளானட் ஆஃப் தி ஏப்ஸ்' பியர் பூல் என்ற பிரெஞ்சு எழுத்தாளரின் நாவலிலிருந்து வந்தது. செர்லிங் பல வரைவுகள் எழுதினார். அவற்றில் குரங்குகள் நவீன நகரத்தில் வாழ்ந்தன. அந்த நகரத்தைக் கட்டப் பணம் போதவில்லை. மைக்கேல் வில்சன் திருத்தி எழுதி, குரங்குகளைப் பழமையான குடியிருப்புக்கு மாற்றினார். படத்தின் புகழ்பெற்ற இறுதிக் காட்சியான மணலில் புதைந்த சுதந்திர தேவி சிலை செர்லிங்கின் வரைவுகளிலேயே இருந்தது. வசனத்தில் வில்சனின் கை அதிகம், கட்டமைப்பில் செர்லிங்கின் கை அதிகம் என்பது பொருத்தமான மதிப்பீடு.

தொலைக்காட்சியில் பிற்கால முயற்சிகள் சுமுகமாக அமையவில்லை. 1965இல் 'தி லோனர்' என்ற கௌபாய் தொடரில் உள்நாட்டுப் போரிலிருந்து திரும்பிய வீரனின் மனப்போராட்டத்தை எழுதினார். ஒளிபரப்பு நிறுவனம் துப்பாக்கிச் சண்டை போதவில்லை என்றது. 26 எபிசோடுகளோடு முடிந்தது. 1966 டிசம்பரில் என்பிசியில் வந்த 'தி டூம்ஸ்டே ஃபிளைட்' தாழப் பறந்தால் வெடிக்கும் குண்டை விமானத்தில் வைத்து மிரட்டுபவனின் கதை. ஒளிபரப்பானதுமே விமான நிறுவனங்களுக்கு அதே பாணியில் பொய் மிரட்டல்கள் வந்தன. அதை எழுதியதற்காக செர்லிங் வெளிப்படையாகவே வருந்தினார். தணிக்கையை வாழ்நாளெல்லாம் எதிர்த்தவர், தன் எழுத்து பார்வையாளரிடம் போய் என்ன செய்கிறது என்ற பொறுப்பிலிருந்து ஒதுங்கவில்லை. இது அவர்மேல் மதிப்பைக் கூட்டுகிற செய்தி.

1969இல் மாதிரிப் படமாகவும் அடுத்த ஆண்டிலிருந்து தொடராகவும் வந்த 'நைட் கேலரி' நிலைமையைத் தலைகீழாக்கியது. மாதிரிப் படத்தின் ஒரு பகுதியை இயக்கியவர் அப்போது இருபத்திரண்டு வயதான ஸ்டீவன் ஸ்பீல்பெர்க். ஆனால் தொடரின் படைப்புக் கட்டுப்பாடு செர்லிங் கையில் இல்லை. அறிமுகம் செய்யும் முகம் அவருடையது. கதைத் தேர்வு வேறொருவருடையது. அவர் எழுதிக் கொடுத்தவை திருப்பி அனுப்பப்பட்டன, தீவிரமான கதைகளுக்கிடையே சில நிமிட நகைச்சுவைத் துணுக்குகள் செருகப்பட்டன. இதற்குள்ளும் 'தேர் டேரிங் டவுன் டிம் ரைலீஸ் பார்' என்ற நல்ல கதையை எழுதினார். பழைய மதுக்கடையை இடிக்கிறார்கள். வயதாகும் விற்பனை அதிகாரி ஒருவனின் வாழ்நாளும் அதோடு சேர்ந்து இடிகிறது. 'பேட்டர்ன்ஸ்' எழுதிய கை அதில் தெரிகிறது. 1973இல் இந்தத் தொடர் நின்றது.

1960களின் பிற்பகுதியிலிருந்து நியூயார்க் மாநிலத்தின் இதாக்கா கல்லூரியில் எழுத்துக் கற்பித்தார். ஆவணப்படங்களுக்கும் விளம்பரங்களுக்கும் குரல் கொடுத்தார். நாளெல்லாம் புகைப்பவரான அவருக்கு 1975 மே மாதம் மாரடைப்பு வந்தது. ஜூன் 28 அன்று ராச்செஸ்டர் மருத்துவமனையில் இதய அறுவை சிகிச்சைக்குப் பின் 50 வயதில் காலமானார். மொத்தம் ஆறு எம்மி விருதுகள் பெற்றிருந்தார்.

'ட்வைலைட் சோன்' 1983இல் சினிமாவாகவும், 1985, 2002, 2019 ஆண்டுகளில் புதிய தொடராகவும் மீண்டும் எடுக்கப்பட்டது. அமெரிக்க எழுத்தாளர் சங்கம் 2013இல் வெளியிட்ட சிறப்பாக எழுதப்பட்ட தொடர்களின் பட்டியலில் 'தி சொப்ரானோஸ்', 'சைன்ஃபெல்ட்' இரண்டுக்கும் அடுத்து மூன்றாவதாக இடம்பெற்றது. அவருடைய கையெழுத்துப் பிரதிகள் விஸ்கான்சின், கலிஃபோர்னியா, இதாக்கா ஆகிய இடங்களின் கல்வி நிறுவனக் காப்பகங்களில் உள்ளன. ஸ்கிரிப்டுகள் தொகுதிகளாக அச்சிலும் கிடைக்கின்றன.